பாட்டி தேடும் 'பூரி' நடிகை

வணக்கம் தம்பி. நகைச்சுவை நடிகர் தங்கவேலுவுடன் பூரி சுடும் காட்சியில் வந்தவர் எம்.சரோஜாவா என்று பாட்டி கேட்பதாக எழுதியிருந்தீர்கள். இல்லை, அவர் டி.பி.முத்துலட்சுமி. படம் 'அறிவாளி', 1963. தங்கவேலு ஒவ்வொரு படியாகச் சொல்லித்தர, இவர் "அதான் எனக்குத் தெரியுமே" என்று இழுப்பார். அந்த இழுப்புக்குத்தான் சிரிப்பே. எங்கள் வீட்டில் மாவு பிசையும்போது இன்றும் யாராவது சொல்லிவிடுவார்கள்!

குழப்பம் வருவது இயல்புதான். 'கல்யாண பரிசு' (1959) படத்தில் தங்கவேலுவுக்கு ஜோடி எம்.சரோஜா; நிஜ வாழ்க்கையிலும் அவர் மனைவி. முத்துலட்சுமி தூத்துக்குடிக்காரர், சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் படங்களிலும் நடித்தவர். கதாநாயகியாக இல்லாமலே பெயர் வாங்கியவர்.

அப்புறம், பினாங்கு லிட்டில் இந்தியாவில் பழைய விசிடி தேடும்போது கதாநாயகன் பெயரைச் சொல்லாதீர்கள், 'தங்கவேலு பூரி காமெடி' என்று கேளுங்கள். கடைக்காரருக்குச் சட்டென்று புரியும்.