ழான் ரூஷ் கடைப்பிடித்த 'பகிர்ந்த மானுடவியல்' என்றால் என்ன?

யாரைப் படமெடுத்தோமோ அவர்களிடமே படத்தைத் திரையிட்டு, அவர்கள் சொல்லும் திருத்தத்தை ஏற்பது. 1941-இல் சாலை, பாலம் கட்டும் பொறியாளராக மேற்கு ஆப்பிரிக்காவின் நைஜருக்குப் போன பிரெஞ்சுக்காரர் ழான் ரூஷ், பின்னாளில் மானுடவியலாளராகவும் திரைப்பட இயக்குநராகவும் ஆகி, அங்கே நீர்யானை வேட்டையைப் படமாக்கி வேட்டைக்காரர்களுக்கே போட்டுக்காட்டினார். விறுவிறுப்புக்காகச் சேர்த்திருந்த இசையை அவர்கள் ஏற்கவில்லை. அது அவர்களுடைய வேட்டைப் பாட்டுதான். ஆனாலும் சத்தம் கேட்டால் நீர்யானை ஓடிவிடாதா? ரூஷ் இசையை நீக்கினார். எவ்வளவு நியாயமான திருத்தம்!

காரணம் எளிது: ஆற்றில் இறங்கி வேட்டையாடுபவருக்குத் தெரிவது கேமராவுக்குப் பின்னால் நிற்பவருக்குத் தெரியாது. தையற்காரர் சட்டையை முடிக்குமுன் நம்மைப் போட்டுப் பார்க்கச் சொல்வதில்லையா, அதுபோல. தமூரே ஜிக்கா போன்ற நைஜர் நண்பர்கள் அவருடைய படங்களில் நடித்தார்கள், ஒலிப்பதிவும் செய்தார்கள்.

இப்படிப் போட்டுக்காட்டுவதை நன்றி சொல்வதற்கான சிறப்புத் திரையிடல் என்று பலர் நினைக்கிறார்கள். உண்மையில் படத்தொகுப்பைப் போல இதுவும் படம் உருவாக்கும் வேலைதான்.