தண்ணீர் பட்டதும் கொதிக்கும் சுண்ணாம்பு: வெப்பம் விடும் வினைகள் பற்றிக் கேள்வி பதில்

சுங்கை சிப்புட், சுற்றுத் தோட்டங்களிலிருந்து வந்த கேள்விகள் இவை. பதில் சொல்பவர் செம்பனை எண்ணெய் ஆலையின் ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்தவர்; இப்போது எஸ்பிஎம் (மலேசியாவில் படிவம் 5 முடிவில் எழுதும் அரசுத் தேர்வு) மாணவர்களுக்கு வேதியியல் டியூஷன் எடுக்கிறார்.

சார், கோயில் சுவருக்கு அடிக்க வாங்கிய சுட்ட சுண்ணாம்பில் தண்ணீர் ஊற்றினோம். அடுப்பே இல்லாமல் டிரம் கொதித்தது. அந்தச் சூடு எங்கிருந்து வந்தது?

சூளையிலிருந்து வந்தது அண்ணே. ஈப்போ பக்கம் நிற்கிற குன்றுகளில் பல சுண்ணாம்புக்கல்தான். அதைச் சுமார் 900 டிகிரியில் சுட்டால் கரியமில வாயு பிரிந்து போகும். 100 கிராம் கல்லைப் பிரிக்க 178 கிலோஜூல் வெப்பம் உள்ளே போகிறது. மிஞ்சுகிற 56 கிராம் சுட்ட சுண்ணாம்பு தண்ணீரோடு சேரும்போது 65 கிலோஜூலைத் திருப்பித் தருகிறது. ஒரு கிலோவுக்குக் கணக்குப் போட்டால், மூன்றரை லிட்டர் பச்சைத் தண்ணீரைக் கொதிக்க வைக்க அது போதும்.

மீதி 113 கிலோஜூல் எங்கே என்று கேட்பீர்கள். சுவரில் அடித்த சுண்ணாம்பு காற்றிலுள்ள கரியமில வாயுவை இழுத்து மறுபடியும் கல்லாக இறுகும்போது அது வெளியே வருகிறது. மெல்ல மெல்ல வருவதால் கையை வைத்துப் பார்த்தாலும் தெரியாது. அந்த 65 கிலோஜூல் டிரம்மைக் கொதிக்க வைத்தது; அதைவிடப் பெரிய 113 கிலோஜூல் சுவரை வெதுவெதுப்பாகக்கூட ஆக்கவில்லை. அதனால்தான் என் மாணவர்களிடம் வெப்பத்தின் அளவோடு நிறுத்தாதீர்கள், எவ்வளவு வேகமாக வருகிறது, வெளியே போக வழி இருக்கிறதா என்றும் கேளுங்கள் என்பேன்.

மூட்டையை மழைச் சாரல் படாத இடத்தில் வையுங்கள். நீற்றும்போது, அதாவது தண்ணீர் ஊற்றும்போது, பிள்ளைகளைத் தள்ளி நிற்கச் சொல்லுங்கள். கண்ணில் தெறித்தால் குறைந்தது 20 நிமிடம் ஓடும் தண்ணீரில் கழுவிவிட்டு உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

வெற்றிலைக்குத் தடவும் சுண்ணாம்பு மட்டும் ஏன் சுடுவதில்லை?

அது ஏற்கெனவே நீற்றியது. விட வேண்டிய சூட்டை விட்டுவிட்டது. ஆனால் அரிக்கும் காரத்தன்மை குறையவில்லை. கண்ணில் பட்டால் இதுவும் ஆபத்துதான் பாட்டி.

சார், நான் படிவம் 5. பிணைப்பு உடையும்போதுதான் வெப்பம் வருகிறது என்று என் தோழி சொல்கிறாள். சரியா?

தவறும்மா. தெர்மோகிமியா (வெப்ப வேதியியல்) பாடத்தில் நிறைய பேர் தடுமாறுகிற இடம் இது. அணுக்களைச் சேர்த்து வைக்கும் பிணைப்பை உடைக்க எப்போதும் ஆற்றல் செலவாகும். புதுப் பிணைப்பு உருவாகும்போதுதான் ஆற்றல் வெளிவரும். ஹைட்ரஜனும் குளோரினும் சேர்வதைப் பார். ஒரு மோல் (வேதியியலில் துகள்களை எண்ணும் அளவு) ஹைட்ரஜனை உடைக்க 436, ஒரு மோல் குளோரினை உடைக்க 242, ஆக 678 கிலோஜூல் செலவு. உருவாகும் 2 மோல் ஹைட்ரஜன் குளோரைடின் பிணைப்புகள் தருவது 862. மிச்சம் 184 கிலோஜூல்தான் சுற்றுப்புறத்துக்குப் போகிறது. வரவு செலவைவிட அதிகமானால் எக்ஸோதெர்மிக், அதாவது வெப்பம் விடும் வினை. மண்ணெண்ணெய் தானாக எரியாமல் தீக்குச்சிக்குக் காத்திருப்பதும் இதனால்தான்: முதல் செலவுக்கு ஆற்றல் வேண்டும்.

யூரியா உரத்தைக் கரைத்தால் வாளி ஜில்லென்று ஆகிறதே?

அது எதிர்த்திசை. யூரியா கரையும்போது தண்ணீரின் வெப்பத்தை எடுத்துக்கொள்கிறது. உரம் கெட்டுப்போகவில்லை, பயப்படாதீர்கள்.

செம்பனை எண்ணெயில் சோப்பு செய்கிறேன் சார். காஸ்டிக் சோடாவில் தண்ணீர் ஊற்றலாமா?

வேண்டாம்மா. எப்போதும் தண்ணீரில்தான் சோடாவைப் போட வேண்டும், கொஞ்சம் கொஞ்சமாக, கிளறிக்கொண்டே. 100 கிராமை 300 மில்லி தண்ணீரில் ஒரே தடவையில் கொட்டினால் 80, 90 டிகிரி வரை ஏறிவிடும். சோடாவின் மேல் தண்ணீரை ஊற்றினால் அந்தச் சூடு முழுவதும் ஒரு சொட்டுத் தண்ணீருக்குள் அடைபட்டு, கொதித்து முகத்தில் தெறிக்கும். அலுமினியப் பாத்திரம் கூடவே கூடாது. சோடா அதை அரித்து ஹைட்ரஜன் வாயுவைக் கிளப்பும். பாதுகாப்புக் கண்ணாடியும் கையுறையும் போட்டுக்கொள்ளுங்கள்.

தண்ணீர் ஊற்றினால் தானே சூடாகும் ஹாட்பாட் டப்பாவை ரயிலில் சாப்பிடலாமா?

அதன் பொட்டலத்தில் பெரும்பாலும் சுட்ட சுண்ணாம்பும் அலுமினியத் தூளும் இருக்கும். ஆவியோடு ஹைட்ரஜனும் வரும். மூடிய ரயில் பெட்டிக்குள் வேண்டாம், ஆவித் துளையையும் அடைக்காதீர்கள்.

தச்சுப் பட்டறையில் ஆளிவிதை எண்ணெய் துடைத்த துணி தானாகத் தீப்பிடிக்கும் என்கிறார்கள். உண்மையா? சமையல் எண்ணெய்த் துணியும் பிடிக்குமா?

உண்மை தம்பி. ஆளிவிதை எண்ணெய் காய்வது என்றால் ஈரம் போவதல்ல, ஆக்சிஜனோடு சேர்வது; சேரும்போது வெப்பம் விடும். பலகையில் பூசியிருந்தால் அது காற்றோடு போய்விடும். சுருட்டிய துணிக் குவியலில் வெளியேற வழியில்லை. சூடு ஏற ஏற வினையும் வேகம் பிடிக்கும், சில மணி நேரத்தில் புகையலாம்.

செம்பனை எண்ணெய் அவ்வளவு எளிதில் ஆக்சிஜனை ஏற்காது. அந்த நாட்டத்தைக் காட்டும் அயோடின் எண் அதற்கு 50 அளவுதான், ஆளிவிதைக்கு 170க்கும் மேல். ஆனால் டோபிக் கடை உலர்த்தியிலிருந்து எடுத்த எண்ணெய்த் துண்டுகளைச் சூடாகவே அடுக்கி வைத்துத் தீப்பிடித்த சம்பவங்கள் வெளிநாடுகளில் உண்டு, ஆறவிட்டு மடியுங்கள். பட்டறைத் துணியை வெளியே ஒவ்வொன்றாக விரித்துக் காயப்போடு, அல்லது தண்ணீர் நிறைந்த மூடிபோட்ட தகர டின்னில் அமுக்கி வை.