காறை ஓணானும் மொட்டைப் பாறையும்

அன்புள்ள ஐயா,

நாங்கள் அமெரிக்காவின் ஓக்லஹோமா மாநிலத்தில் வசிக்கிறோம். போன மாதம் விச்சிட்டா மலைக்குப் போனபோது பாறை மேல் பச்சையும் நீலமுமாக ஓர் ஓணானைப் பார்த்தோம். கழுத்தில் இரண்டு கறுப்பு வளையங்கள். என் மகன் கிட்டே போனதும் பின்னங்கால்களில் எழுந்து மனிதனைப் போல ஓடியது! இதன் பெயர் 'மவுண்டன் பூமர்', மலையே அதிரக் கத்தும் என்றார் அங்கே ஒருவர். இது நம் ஊர் ஓணானுக்கு உறவா? அந்த மொட்டைப் பாறையில் ஒதுங்க ஒரு மரம்கூட இல்லை. பாவமாக இருந்தது. நாலு மரம் வைக்கக் கூடாதா?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

உங்கள் மகன் கொடுத்துவைத்தவன். அந்த ஓட்டத்தைப் பார்க்க வேண்டும் என்று ஒரு மே மாதக் காலை முழுக்க அதே மலையில் உட்கார்ந்திருந்தேன். ஓடவே இல்லை. ஆனால் பத்தடி தூரத்தில் ஓர் ஆண், சிவந்த கருங்கல் மேல் தலையைத் தூக்கியபடி வெயில் காய்ந்துகொண்டிருந்தது. மஞ்சள் தலை, நீலப்பச்சை உடம்பு, அதில் அரிசி தூவியது போல வெள்ளைப் புள்ளிகள். திடீரென்று ஒரு தாவு. திரும்பி வந்தபோது வாயில் வெட்டுக்கிளி. அதன் இரண்டு கால்கள் மட்டும் வெளியே உதறிக்கொண்டிருந்தன. மென்று விழுங்கிவிட்டு, வாயின் இரு பக்கத்தையும் கல்லில் தேய்த்துத் துடைத்துக்கொண்டது. வாலோடு சேர்த்து ஓர் அடிதான் இருக்கும். ஆனால் அந்தத் தாடைக்குச் சின்னப் பல்லிகளும் இரைதான்.

ஆங்கிலத்தில் 'காலர்ட் லிசர்ட்' என்கிறார்கள். கழுத்தை ஒட்டி அணியும் காறை என்ற நகை நம்மிடம் இருந்ததே, அதை வைத்து நான் காறை ஓணான் என்றே சொல்லிவருகிறேன். நம் ஓணானின் குடும்பம் வேறு, இதன் குடும்பம் வேறு. தூரத்து உறவு என்று வேண்டுமானால் சொல்லலாம். 1969-லிருந்து இது ஓக்லஹோமாவின் மாநில ஊர்வன. மலை அதிரக் கத்தும் என்பது கதை, இது குரலே எழுப்பாது. ஏதோ தவளையின் சத்தத்தை அந்தக் காலக் குடியேறிகள் இதன் தலையில் கட்டியிருக்கலாம் என்பார்கள்.

ஓடும்போது மணிக்கு 25 கிலோமீட்டர் வேகம்வரை எட்டும். முன்னுடம்பு மேலே எழுந்ததும் பின்னால் நீளும் வால்தான் அதைக் கவிழாமல் தாங்குகிறது. பல்லியைப் போல வாலை அறுத்துப் போட்டுவிட்டு இது தப்பாது. போன வால் திரும்ப முளைக்கவும் முளைக்காது. அதனால் வாலைப் பிடிக்க வேண்டாம் என்று பையனிடம் சொல்லிவையுங்கள்.

சரி, மரத்துக்கு வருகிறேன். உங்கள் கடிதத்தில் என் மனம் நின்றது அங்கேதான். பக்கத்து மிசௌரியில், ஓசார்க் மலைக்காடுகளுக்கு நடுவே அங்கங்கே மொட்டைப் பாறைத் திட்டுகள் உண்டு. சில ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பு வறட்சி நிலவிய காலத்தில் தென்மேற்கிலிருந்து வந்த காறை ஓணான்கள் அந்தத் திட்டுகளில் தங்கிவிட்டன. முன்பெல்லாம் அந்தக் காடுகளில் அடிக்கடி தரைத்தீ பரவும். இருபதாம் நூற்றாண்டில் தீயைத் தடுத்தார்கள், நல்லது என்று நினைத்துத்தான். புதர் மண்டியது, பாறைத் திட்டுகளில் ஜூனிப்பர் என்ற ஊசியிலை மரம் ஏறியது. ஓணான்கள் பல இடங்களில் இல்லாமலே போயின. ஆலன் டெம்பிள்டன் என்ற உயிரியலாளரின் குழு 1980-களில் சில திட்டுகளில் அவற்றைத் திரும்பக் கொண்டுபோய் விட்டது. பிழைத்தன. ஆனால் சில பத்து மீட்டர் தள்ளி அடுத்த திட்டு இருந்தும், நடுவில் இருந்த அடர்ந்த காட்டைத் தாண்டி ஒன்றுகூடப் போகவில்லை. 1994-இல் திட்டமிட்டுக் காட்டுக்குத் தீ வைக்கத் தொடங்கினார்கள். புதர் கருகி வெயில் தரையைத் தொட்டது, வெட்டுக்கிளிகள் பெருகின. அப்புறம்தான் ஓணான்கள் புதிய திட்டுகளில் தாமாகவே குடியேறின.

ஆகவே அங்கே மரம் வைக்க வேண்டாம், எஸ். அதன் உடம்பு சூடேறுவது அந்த வெயிலில்தான். இரையும் எதிரியும் வருவதைப் பார்ப்பது அந்தத் திறந்த வெளியில்தான். உச்சிவெயிலுக்கும் பனிக்கால உறக்கத்துக்கும் கல்லிடுக்கு இருக்கிறது. நமக்கு வெறும் பாறை, அதற்கு அது முழு வீடு.

அடுத்த முறை போகும்போது வளர்ந்த பெண் ஓணான்களையும் தேடிப் பாருங்கள். சாதாரணமாகப் பழுப்புதான், வயிற்றில் முட்டை இருக்கும்போது மட்டும் விலாவில் செம்மஞ்சள் பட்டைகள் எழும், முட்டையிட்ட பிறகு மங்கிவிடும். கல்லுக்கு அடியில் மண்ணைப் பறித்து முட்டையிட்டு மூடிவிட்டுப் போகும். அதனால் படம் எடுப்பதற்காகக் கூட எந்தக் கல்லையும் புரட்டிவிடாதீர்கள்.