மெடிக்கல் கோடிங் படிக்கக் காப்பை அடகு வைக்கலாமா?

அன்புள்ள அக்கா,

உப்புவெளியிலிருந்து பஸ் பிடித்து வந்து நீங்கள் கேட்டுவிட்டுப் போனது இரண்டு நாளாக மனதில் நிற்கிறது. மகள் உயர்தரத்தில் உயிரியல் பிரிவு. மூன்று பாடமும் சித்தி, ஆனால் மருத்துவ பீடத்துக்கு இசட் புள்ளி காணாது. மெடிக்கல் கோடிங் படித்தால் ஆறு மாதத்தில் டொலரில் சம்பளம் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். காப்பை அடகு வைத்துக் காசு கட்டவா என்று கேட்டீர்கள். இப்போதைக்கு வைக்க வேண்டாம். அந்த வேலை எப்படிப்பட்டது என்று முதலில் நீங்களும் மகளும் பாருங்கள். அதற்கு ஒரு காயத்தின் கதை போதும்.

ஒரு கடற்றொழிலாளி என்று வைத்துக்கொள்வோம். இரண்டு வருடத்துக்கு முன் படகின் இரும்புத் தகடு அவருடைய வலது காலை, முழங்காலுக்குச் சற்றுக் கீழே, கிழித்துவிட்டது. தையல் போட்டார்கள், ஆறிவிட்டது. இப்போது தழும்பு இறுகி, முழங்காலை முழுதாக நீட்ட முடியவில்லை என்று கிளினிக்குக்கு வருகிறார். டொக்டர் எழுதி வைத்ததைப் படித்து, அதை நோய்க் குறியீடுகளாக மாற்றுவதுதான் கோடரின் வேலை.

புதிதாகப் படிக்கும் பிள்ளை ‘கிழிந்த காயம்’ என்ற சொல்லைக் கண்டதும் காயத்தின் குறியீட்டைப் போட்டுவிட்டு அடுத்த தாளுக்குப் போய்விடும். ஆனால் இன்றைக்கு அவர் காலில் காயமே இல்லையே. இருப்பது அது விட்டுப்போன விளைவு. ஆங்கிலத்தில் இதை ‘சீக்வெலா’ என்பார்கள், பின்னால் தொடர்ந்து வருவது என்று பொருள். அமெரிக்க முறையில், இன்று அவரை வருத்துவதைத்தான் முதலில் எழுத வேண்டும். வலது முழங்கால் இறுகியதற்கு எம்24.561, தழும்புக்கு எல்90.5. அதற்குப் பிறகுதான் காரணமான பழைய காயம், எஸ்81.811எஸ்.

அந்தக் கடைசிக் குறியீட்டை மகளை ஒவ்வொரு எழுத்தாகப் பார்க்கச் சொல்லுங்கள். எஸ்81 என்றால் முழங்கால், கீழ்க்கால் திறந்த காயம். புள்ளிக்குப் பிறகு வரும் 8 கீழ்க்காலைக் காட்டும். அடுத்த 1, உள்ளே அந்நியப் பொருள் எதுவும் தங்காத கிழிவு. அதற்கடுத்த 1 வலது கால், இடதானால் 2. எந்தக் கால் என்று டொக்டர் எழுதவில்லையென்றால் 9, ஊகித்துப் போடக் கூடாது. ஏழாவது இடத்தில்தான் பலர் சறுக்குகிறார்கள். காயத்துக்கு முனைப்பான சிகிச்சை நடக்கும்போது ஏ, ஆறிவரும் காலத்தில் டி (D), ஆறிய பிறகு விட்டுப்போன விளைவுக்கு எஸ். இந்த எஸ்ஸைக் காயத்தின் குறியீட்டில்தான் சேர்க்க வேண்டும், தழும்பின் குறியீட்டில் அல்ல. இத்தனை மாதம் கழிந்தால்தான் எஸ் என்ற கணக்கும் அங்கே கிடையாது.

நம் இலங்கை ஆஸ்பத்திரிகளின் நோய்ப் புள்ளிவிவரம் உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டுப் பத்தாம் பதிப்பைத் தழுவியது. அதில் இதே மனிதரின் பழைய காயம் டி93.0 (T93.0), கீழ் அவயவத் திறந்த காயத்தின் பின்விளைவு. அங்கே ஏழாவது எழுத்து இல்லை. காயம் பட்டு ஒரு வருடமோ அதற்கு மேலோ கழிந்து இருப்பதையும் பின்விளைவாகவே எடுப்பார்கள். அமெரிக்கர்கள் தங்களுக்கென்று விரித்துக்கொண்ட முறையை 2015 ஒக்டோபர் 1 முதல் நடைமுறையில் வைத்திருக்கிறார்கள், அதிலும் ஒவ்வொரு ஒக்டோபரிலும் மாற்றங்கள் வரும். டொலர் சம்பளம் என்று பேசுகிறவர்கள் சொல்வது இந்த அமெரிக்க முறையைத்தான். இரண்டையும் குழப்பிச் சொல்லிக்கொடுக்கும் இடத்தில் காசு கட்டாதீர்கள்.

எனக்கு உண்மையில் கவலை தருவது வேறொன்று, அக்கா. மகள் தமிழ் மொழிமூலம் படித்தவள். தொடை என்பு எங்கே இருக்கிறது, தசை எப்படிச் சுருங்குகிறது என்பதெல்லாம் அவளுக்கு நன்றாகவே தெரியும், அது பெரிய முதல். ஆனால் டொக்டரின் குறிப்பில் ‘ஃபீமர்’, ‘டிபியா’, ‘கன்ட்ராக்ச்சர்’ என்றுதான் இருக்கும். உடற்கூற்றுப் பாடத்தை ஆங்கிலச் சொற்களோடு திரும்ப ஒருமுறை படிக்க வேண்டும். அதற்குக் கோர்ஸ் தேவையில்லை, பழைய பாடப் புத்தகமும் ஒரு கொப்பியும் போதும். இதைச் செய்யாமல் வகுப்பில் போய் உட்கார்ந்த கெட்டிக்காரப் பிள்ளைகள் இரண்டாம் மாதமே மனம் உடைந்து நின்றதைப் பார்த்திருக்கிறேன்.

பரீட்சை விஷயம் சுருக்கமாக. கோடர்களுக்கான அமெரிக்காவின் சிபிசி பரீட்சையில் 100 கேள்விகள், 4 மணி நேரம், 70 வீதம் எடுக்க வேண்டும். குறியீட்டுப் புத்தகங்களைப் பார்த்தே எழுதலாம், அதனால் மனப்பாடம் கைகொடுக்காது. தேறினாலும் அனுபவம் இல்லாதவருக்குப் பயிலுநர் என்ற அடையாளத்தோடுதான் சான்றிதழ் கிடைக்கும். முதல் வேலை எடுப்பதுதான் கடினம். அப்புறம், இப்போது மென்பொருளே குறியீட்டை முன்மொழிகிறது. வெறுமனே தேடிப் போடத் தெரிந்தவருக்கு இடம் சுருங்கும், அது முன்மொழிந்தது பிழை என்று பிடிக்கத் தெரிந்தவருக்கு இருக்கும். கோர்ஸ்காரர்களிடம் ஒன்றை நேராகக் கேளுங்கள்: போன தொகுதிப் பிள்ளைகளில் இருவரோடு பேச முடியுமா? மழுப்பினால் எழும்பி வந்துவிடுங்கள்.

2009 வரை யுத்தம் நடந்த மண் இது. பழைய கால் காயத்தோடு நடக்கிறவர்களை மகள் சின்ன வயதிலிருந்தே பார்த்திருப்பாள். அந்தக் காயம் இன்று என்ன செய்கிறது என்ற கேள்வி அவளுக்குப் புத்தகத்துக்கு வெளியிலும் தெரியும். அதனால்தான் அவளுக்கு இது சரிவரலாம் என்று நினைக்கிறேன்.

மூன்று வாரம் எடுங்கள். தினமும் ஒரு மணி நேரம், கால் என்புகள், தசைகள், நரம்புகளின் ஆங்கிலப் பெயர்கள். பிறகு மேலே சொன்ன கதையை மாற்றி அவளிடம் கொடுங்கள்: இடது கால், காயம் இன்னும் ஆறவில்லை, சீழ் வடிகிறது. இப்போதும் எஸ் வருமா, வராதென்றால் ஏன் என்று அவளே தன் கையால் எழுதட்டும். அந்தக் கொப்பியோடு இருவரும் வாருங்கள். காப்பைப் பற்றி அன்றைக்குப் பேசுவோம்.