ஜான் எப்படி ஜாக் ஆனார்?

அமெரிக்க அதிபர் கென்னடியின் பெயர் ஜான், ஆனால் வீட்டிலும் நண்பர்கள் வட்டத்திலும் அவர் ஜாக், மனைவியோ ஜாக்கி, இது என்ன கணக்கு என்று கேட்டிருக்கிறீர்கள். கூடவே கார் டயர் மாற்றும்போது போடுகிற ஜாக்கியும், பலாப்பழத்தை ஆங்கிலத்தில் ஜாக் ஃப்ரூட் என்பதும் இதே ஜாக்தானா என்று ஒரு கொசுறுக் கேள்வி. கார் ஜாக்கி ஆமாம், பலாப்பழம் இல்லை. மீதியைக் கொஞ்சம் விரித்துத்தான் சொல்ல வேண்டும்.

பலருக்கும் இடிக்கிற இடம் இதுதான்: வில்லியம் வில் ஆவதும் தாமஸ் டாம் ஆவதும் சுருக்கம் என்று பார்த்தாலே தெரிகிறது. ஜான் ஒரே அசை, ஜாக்கும் ஒரே அசை, ஆங்கிலத்தில் எழுதினாலும் இரண்டுக்கும் நாலு எழுத்து. சுருக்கி என்ன லாபம்? லாபம் ஒன்றும் இல்லைதான், ஏனென்றால் ஜாக் நேரடியாக ஜானைச் சுருக்கி வந்த பெயரே இல்லை. முதலில் செல்லமாக நீட்டினார்கள், நீட்டியதை அப்புறம் வாய்க்கு வந்தபடி வெட்டினார்கள், கடைசியில் கையில் நின்றது ஜாக்.

ஜான் எபிரேய மொழியின் யோகானான், 'கடவுள் அருள்புரிந்தார்' என்று பொருள். கிரேக்கம், லத்தீன் வழியாக பிரெஞ்சுக்குப் போய் ஜெஹான் என்றாகி, 1066-க்குப் பிறகு நார்மன்காரர்களோடு இங்கிலாந்தில் பெருகியது. ஜெஹான் பேச்சில் ஜான், ஜன், ஜென் என்று பலவிதமாக ஒலித்தது. அதே காலத்தில் இன்றைய பெல்ஜியம் பக்கத்து ஃபிளாண்டர்ஸிலிருந்து வந்த நெசவாளர்களும் வணிகர்களும் சிப்பாய்களும் பெயர்களுக்குப் பின்னால் 'கின்' என்று ஒரு வாலை ஒட்டும் பழக்கத்தைக் கொண்டுவந்தார்கள். 'சின்ன', 'குட்டி' என்று பொருள் தரும் வால் அது. நாம் சாப்பாட்டு மேசையில் வைக்கிற நாப்கினில் இருப்பதும் அதுதான், சின்னத் துணி. அப்படி வில்லியம் வில்கின் ஆனான், வால்டர் வாட்கின் ஆனான், பீட்டர் பெர்கின் ஆனான், நம்ம ஆள் ஜாங்கின் ஆனான். 14-ஆம் நூற்றாண்டு ஆங்கிலக் கவிஞர் சாசரின் கான்டர்பரி கதைகளில் பாத் ஊர்ப் பெண்மணியின் ஐந்தாவது கணவன் பெயர் ஜாங்கின்தான். இந்த ஜாங்கினில் மூக்கொலி தேய்ந்து ஜாக்கின் ஆகி, வாலும் உதிர்ந்து ஜாக். ஜென் என்று உச்சரித்த பக்கத்தில் அதே பெயர் ஜென்கின் ஆகி, இன்று ஜென்கின்ஸ் என்ற குடும்பப் பெயராக உலாவுகிறது.

இந்த வழியைத் தடம் பிடித்துக் காட்டியவர் ஆக்ஸ்ஃபோர்டின் போட்லியன் நூலகத்துக்குத் தலைவராக இருந்த நிக்கல்சன். 1892-இல் இதற்கென்றே ஒரு சிறு நூல் போட்டார். அதுவரை 'ஜாக் என்றால் பிரெஞ்சு ழாக்தானே, இதில் யோசிக்க என்ன இருக்கிறது' என்பது பொதுவான நினைப்பு. காதில் கேட்டால் யாருக்கும் அப்படித்தான் தோன்றும். ஆனால் ழாக் என்பது ஜேம்ஸ், அதாவது யாக்கோபு. ஜேம்ஸ் வேறு ஆள், ஜான் வேறு ஆள். பழைய தமிழ்க் கத்தோலிக்க வழக்கில் ஜான் அருளப்பர், ஜேம்ஸ் யாகப்பர். அருளப்பரைப் போய் யாகப்பர் என்று யாராவது கூப்பிடுவார்களா? பழைய ஆங்கிலப் பதிவுகளில் ஜாக் என்று வருகிறவர்கள் ஜான்களே தவிர ஜேம்ஸ்கள் இல்லை என்பதுதான் நிக்கல்சனின் வாதம். பிரெஞ்சுப் பெயரின் ஒலி கொஞ்சம் கைகொடுத்திருக்கலாம் என்று சொல்கிறவர்கள் இன்றும் உண்டு. எனக்கு நிக்கல்சன் கட்சிதான் சரியாகப் படுகிறது.

சரி, இப்படி முறுக்கித் திருகிப் பெயர் வைக்க என்ன அவசியம்? அன்றைக்கு ஆங்கிலேயர்களிடம் பெயர்ப் பஞ்சம். 14-ஆம் நூற்றாண்டு வரிப் பட்டியல்களைப் பார்த்தால் ஏறக்குறைய மூன்றில் ஒரு ஆண் ஜான். மீதிப் பேரில் பெரும்பாலானவர்களை வில்லியம், தாமஸ், ரிச்சர்ட், ராபர்ட் ஆகிய நான்கு பெயர்களே பங்கு போட்டுக்கொண்டன. ஒரு தெருவில் நின்று 'ஜான்' என்று கத்தினால் பாதித் தெரு திரும்பிப் பார்க்கும். நம் கிராமங்களில் நெட்டை முருகன், கடைக்கார முருகன் என்று பிரிப்பது மாதிரி அவர்கள் பெயரையே திரித்துப் பிரித்தார்கள். திரிப்பதில் எதுகை விளையாட்டு வேறு. ரிச்சர்ட் முதலில் ரிக், அதற்கு எதுகையாக டிக். ராபர்ட் முதலில் ராப், அதிலிருந்து ஹாப், டாப், நாப், கடைசியில்தான் பாப். ரோஜர் ஹாட்ஜ் ஆனது. வில் என்பது பில் ஆனதும் இதே விளையாட்டின் பிற்காலத்து ஆட்டம்.

கிரிக்கெட் ஆர்வம் உள்ளவர்களுக்கு ஒரு உதாரணம். இங்கிலாந்தின் பழைய தொடக்க ஆட்டக்காரர் ஜாக் ஹாப்ஸ், 1953-இல் சர் பட்டம் வாங்கியவர். ஞானஸ்நானப் பெயர் ஜான் பெர்ரி ஹாப்ஸ். ஜாக், ஜானின் செல்லப்பெயர். ஹாப்ஸ் என்பது ஹாபின் மகன், ஹாப் ராபர்ட்டின் செல்லப்பெயர். ஆக ஸ்கோர் போர்டில் நின்றது 'ராபர்ட் மகன் ஜான்' என்பதன் செல்ல வடிவம், இரண்டு பாதியும் செல்லப்பெயர்தான். அந்த ஊர்க் குடும்பப் பெயர்கள் பலவற்றையும் இப்படிப் பிரித்துப் பார்க்கலாம்: ஜாக்சன், டிக்சன், ஹாட்ஜ்சன், வாட்கின்ஸ்.

இனிமேல்தான் கதை சூடு பிடிக்கிறது. மூன்றில் ஒருவனுக்கு ஒரே பெயர் என்றால் அது பெயராகவே நிற்காது, 'யாரோ ஒரு ஆள்' என்று தேய்ந்துவிடும். அதிலும் ஜான் என்ற முழுப் பெயர் அரசனுக்கும் பாதிரியாருக்கும் போக, ஜாக் என்பது வண்டிக்காரனுக்கும் எடுபிடிப் பையனுக்கும் என்று ஒதுங்கிவிட்டது. 1381-இல் நடந்த விவசாயிகள் கலகத்தைப் பாருங்கள். தலைவர்களில் ஒருவனாகச் சொல்லப்படுகிறவன் ஜாக் ஸ்ட்ரா, வைக்கோல் ஜாக். கலகக்காரர்களிடையே சுற்றிய கடிதங்களில் சிலவற்றை அந்தக் காலத்து வரலாற்றுக் குறிப்பாளர்கள் படியெடுத்து வைத்திருக்கிறார்கள், அவற்றில் பேசுகிறவர்கள் மாவாலை ஜாக், வண்டிக்கார ஜாக், உண்மைக்கார ஜாக். ஊர் பேரைச் சொல்லி யாரும் மாட்டிக்கொள்ளாமல் இருக்க இதைவிட வசதியான பெயர் கிடைக்குமா? 1450-இல் அடுத்த கலகம், தலைவன் ஜாக் கேட். பிரான்ஸிலும் இதே கூத்து, ஆனால் அங்கே குடியானவனுக்குப் பொதுப்பெயர் ழாக், 1358-இல் அங்கே நடந்த விவசாயிகள் எழுச்சிக்கு ழாக்கெரி என்றே பெயர். அந்தக் குடியானவர்கள் போட்ட குட்டைச் சட்டைக்கு ழாக் என்று பெயர் வந்து, அதன் சிறு வடிவம்தான் ஜாக்கெட் என்பது அகராதிகள் பெரும்பாலும் சொல்லும் கதை. பட்டுப் புடவைக்கு மேட்சாகத் தைக்கக் கொடுக்கிற ஜாக்கெட்டின் பூர்வீகம் இப்படி!

ஆள் என்று பொருள் வந்த பிறகு தொழில்களுக்கு ஒட்டுவது சுலபம். மரம் வெட்டுகிறவன் லம்பர்ஜாக், தேவாலயக் கோபுரத்தில் ஏறிப் பழுது பார்க்கிறவன் ஸ்டீபிள்ஜாக், கப்பல்காரன் ஜாக் டார். குதிரைப் பந்தய ஜாக்கியும் இந்தக் குடும்பமே, ஸ்காட்லாந்தில் ஜாக்கை ஜோக் என்பார்கள், அதிலிருந்து ஜோக்கி, முதலில் 'பையன்', பிறகு குதிரைத் தரகன், பிறகு பந்தயக்காரன்.

அடுத்தபடி ஆள் செய்த வேலையை எந்தக் கருவி செய்ததோ அதற்கும் ஜாக் என்றே பெயர் போனது. பெரிய வீட்டுச் சமையலறைகளில் இறைச்சியைக் கம்பியில் கோத்து அடுப்பருகில் மணிக்கணக்காகச் சுற்றிக்கொண்டே இருக்க ஒரு பையனை உட்கார வைப்பார்கள். தீயருகில் வெந்துகொண்டே செய்கிற வேலை. சில வீடுகளில் சக்கரக் கூண்டுக்குள் நாயை ஓடவிட்டுக் கம்பியைச் சுற்ற வைத்தார்கள். அப்புறம் எடைக்கல் இறங்கும் விசையில் தானே சுற்றுகிற பொறி வந்தது, அதற்குப் பெயர் ஜாக். பூட்ஸைக் கழற்ற வேலைக்காரன் இல்லாவிட்டால் குதிகாலை மாட்டி இழுக்க ஒரு கவட்டைப் பலகை, அது பூட்ஜாக். பாரம் தூக்கும் பொறியும் அப்படியே ஜாக் ஆகி, நம்மூர் பஞ்சர் கடைக்கு வரும்போது ஜாக்கி ஆகிவிட்டது. (ஜாக்கி போட்டு மாட்டுகிற ஸ்டெப்னி, வேல்ஸில் லனெலி என்ற ஊரில் இருக்கும் ஒரு தெருவின் பெயர். அது தனிக் கதை.) இன்னொரு கிளை 'சின்னது' என்ற பொருளில் போனது. பந்து உருட்டும் ஆட்டத்தில் குறியாக வைக்கிற சின்னப் பந்து ஜாக், கப்பலின் முன்பக்கம் கட்டுகிற சின்னக் கொடி ஜாக், யூனியன் ஜாக்கில் இருப்பது இந்தக் கொடிதான்.

எனக்கு இதில் மிகவும் பிடித்தது சீட்டுக்கட்டுச் சமாச்சாரம். ராஜா, ராணிக்கு அடுத்த சீட்டை ஆங்கிலத்தில் முதலில் நேவ் என்றார்கள், அதற்கும் வேலைக்காரப் பையன் என்றே பொருள். ஜாக் என்பது சாதாரண ஜனங்கள் சொன்ன பெயர். 1860-61-இல் தொடராக வந்த டிக்கன்ஸின் கிரேட் எக்ஸ்பெக்டேஷன்ஸ் நாவலில் மாளிகையில் வளரும் எஸ்டெல்லா, கருமான் வீட்டுப் பையன் பிப்போடு சீட்டாடும்போது, இவன் நேவை ஜாக் என்கிறானே என்று நக்கல் அடிப்பாள். ஒரே வார்த்தையில் பையன் எந்த வர்க்கம் என்று அம்பலமாகிவிடும், அவனுக்குத் தன் முரட்டுக் கைகளைப் பார்த்தே வெட்கம் வந்துவிடும். அப்படிப்பட்ட சொல் ஜெயித்தது எப்படி தெரியுமா? சீட்டின் மூலையில் எழுத்து அச்சடிக்கும் வழக்கம் வந்தபோது ராஜாவுக்கு கே, நேவுக்கு கே-என் என்று போட்டார்கள். கையில் விசிறி மாதிரி சீட்டைப் பிடித்தால் இரண்டும் ஒன்றுபோலத் தெரிந்து குழப்பியது. ஜே என்று போட்டால் குழப்பம் இல்லை. எஸ்டெல்லா கேலி செய்த பெயர் ஒரு அச்சுச் சிக்கலால் மாளிகை மேசைக்கும் போய்ச் சேர்ந்தது. இலங்கைத் தமிழர்கள் ஆடும் முன்னூற்று நாலு என்ற சீட்டாட்டத்தில் இந்த வேலைக்காரப் பையனுக்கு 30 புள்ளி, ராஜாவுக்கு 3 என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

பெயர் தெரியாத ஆளுக்கெல்லாம் ஜாக் என்றால் கெட்டவனுக்கும் அதுதானே. 1685-இல் மான்மத் கோமகனின் தலையை ஒரே வெட்டில் எடுக்க முடியாமல் கோடரியால் திரும்பத் திரும்பக் கொத்திய தண்டனை நிறைவேற்றி ஜாக் கெட்ச், அவன் செத்த பிறகும் தூக்குப் போடுகிற எவனையும் மக்கள் அந்தப் பெயராலேயே அழைத்தார்கள். 1888-இல் லண்டனில் பெண்களைக் கொன்றவன் யாரென்று கடைசிவரை தெரியவில்லை. பத்திரிகைக்கான செய்தி நிறுவனம் ஒன்றுக்கு வந்த கடிதத்தில் ஜாக் தி ரிப்பர் என்று கையெழுத்து இருந்தது, அவ்வளவுதான்.

இப்போது நிலைமை தலைகீழ். 1995 முதல் 2008 வரை பதினான்கு ஆண்டுகள் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் ஆண் குழந்தைகளுக்கு மிக அதிகமாக வைக்கப்பட்ட பெயர் ஜாக், 2009-இல்தான் ஆலிவர் அதை இறக்கியது. செல்லப்பெயரையே பதிவேட்டில் எழுதும் பழக்கம் அங்கே பரவிவிட்டது, ஹாரி, ஆல்ஃபி, சார்லி எல்லாம் அப்படி வந்தவைதான். அதனால் இன்று ஒரு இளம் ஜாக்கிடம் போய் 'உங்கள் முழுப் பெயர் ஜானா' என்று கேட்டால் விழிப்பார். எங்கள் அலுவலகத்தில் லண்டன் கிளையிலிருந்து வந்த ஒருவருக்கு விமான டிக்கெட் போட்ட அன்பர், ஆர்வக் கோளாறில் ஜாக்கை ஜான் என்று 'திருத்தி' வைத்து, பாஸ்போர்ட்டோடு பொருந்தாமல் மறுபடி காசு கட்டி மாற்ற வேண்டியிருந்தது. வயதானவர் என்றால் ஜானாக இருக்க வாய்ப்பு அதிகம், அப்போதும் கேட்டுக்கொள்வது நல்லது. எழுத்தாளர் சி. எஸ். லூயிஸையும் எல்லாரும் ஜாக் என்றார்கள், அவர் பெயர் கிளைவ். சின்ன வயதில் ஜாக்சி என்ற நாய் வண்டியில் அடிபட்டுச் செத்ததும், இனி என் பெயர் ஜாக்சி என்று அறிவித்துவிட்டு வேறு பெயருக்குத் திரும்பிப் பார்க்க மறுத்த குழந்தை அவர்.

கென்னடி வீட்டுக் கணக்கைப் பாக்கி வைத்துவிட்டேன். அவர் ஜாக், ஜானிலிருந்து. அவர் மனைவி ஜாக்குலின், அது ழாக்கின் பெண்பால், யாக்கோபு வழி. அதைச் சுருக்கித்தான் ஜாக்கி. ஒலியில் ஜோடிப் பொருத்தம் பிரமாதம், வேரில் சம்பந்தமே இல்லை, நிக்கல்சன் பிரிக்கப் பாடுபட்ட இரண்டு பெயர்களும் ஒரே வீட்டில் குடித்தனம் செய்திருக்கின்றன.

பலாப்பழம்: மலையாளத்தில் சக்க. கேரளக் கரையில் இறங்கிய போர்ச்சுகீசியர் அதை ஜாகா என்றார்கள், கோவாவில் மருத்துவராக இருந்த கார்சியா த ஓர்ட்டா 1563-இல் அச்சிட்ட நூலிலேயே அந்தப் பெயர் இருக்கிறது. ஆங்கிலேயர் அதைத் தங்களுக்குப் பழகின ஜாக் ஆக்கிக்கொண்டார்கள். ஆகவே அதில் ஜானும் இல்லை, ஜேம்ஸும் இல்லை, சுளையும் கொட்டையும் மட்டும்தான்.