நர்ஸ் வேலைக்கு அறிவிப்பு வந்தாலே ஏன் கோர்ட்டில் வழக்கு விழுகிறது?

பணி நியமன வழக்கு என்பது, ஆள் எடுத்த முறை சரியில்லை என்று விண்ணப்பித்தவர் உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனு, அதாவது அரசுக்கு உத்தரவிடச் சொல்லிக் கேட்கும் மனு. அரசு வேலையில் எல்லோருக்கும் சம வாய்ப்பு என்கிறது அரசியலமைப்பின் 16-வது பிரிவு. கோர்ட் தலையிடுவது அதை வைத்துத்தான்.

இடஒதுக்கீட்டுச் சுழற்சி (எந்த இடம் எந்தப் பிரிவுக்கு என்ற வரிசை), தேர்வின் விடைக்குறிப்பு என்று சண்டைக்குக் காரணம் பல. கபடி ஆட்டத்தின் பாதியில் கோட்டைத் தள்ளிப் போட்டால் சும்மா இருப்போமா? அதேபோல, விதி இடம் கொடுக்காவிட்டால் நடுவில் தகுதியை மாற்றக் கூடாது என்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு சொன்னது.

அதிகம் புகைவது ஒப்பந்தப் பணிதான். தமிழ்நாட்டில் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம் (எம்.ஆர்.பி.) 2015-ல் தேர்வு வைத்து எடுத்த நர்ஸ்களுக்கே அப்போது மாதம் 7,700 ரூபாய் தொகுப்பூதியம்தான் (படிகள் இல்லாத மொத்தச் சம்பளம்) கிடைத்தது. முறையான தேர்வு இல்லாமல் சேர்ந்தவர்கள், பல வருஷம் வேலை பார்த்தோம் என்பதற்காக நிரந்தரம் கேட்க முடியாது என்றது உச்ச நீதிமன்றத்தின் 2006 உமாதேவி தீர்ப்பு. சரி, பரீட்சை எழுதி வந்தவர்கள்? அவர்களை அதே தராசில் நிறுத்துவது நியாயமாக எனக்குப் படவில்லை.

அப்புறம், தேர்வுப் பட்டியலில் பெயர் வந்துவிட்டால் வேலை உறுதி என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை, 1991-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் தகுந்த காரணமின்றி அரசு இஷ்டத்துக்கு இடத்தைக் காலியாக விடவும் முடியாது.