வாசகர் கேள்வி – பதில்: சீனமும் மியாவ் மொழியும் கலந்த மலைநாடு

கேள்வி: தென் சீனாவில் சீன மொழியும் மியாவ் என்ற மலைவாழ் மக்களின் மொழியும் கலந்து உருவான மொழிகள் இருப்பதாக வாசித்தேன். என் பேரப்பிள்ளைகளும் தமிழையும் ஆங்கிலத்தையும் கலந்துதான் பேசுகிறார்கள். அதுவும் இதுவும் ஒன்றுதானா?
— வாசகி, வெள்ளவத்தை

பதில்: இரண்டும் வேறு, அம்மா. உங்கள் பேரன் பள்ளிக்கூடத்தில் ஆசிரியர் கேட்டால் முழு ஆங்கிலத்தில் பதில் சொல்வான்; யாழ்ப்பாணத்திலிருந்து பெரியம்மா அழைத்தால் தமிழுக்குத் திரும்பிவிடுவான். இரண்டு மொழிகளும் அவனிடம் தனித்தனியாக இருக்கின்றன. ஆளைப் பார்த்து அவன் கலக்கிறான், ஆளைப் பார்த்துப் பிரிக்கிறான்.

குவாங்சிப் பிரதேசத்தின் லொங்ஷெங் மாவட்டத்தில் நீங்கள் வாசித்தது போன்ற, லிங்ஹுவா என்றொரு மொழி பேசப்படுகிறது. அந்த வீடுகளில் பிறக்கும் குழந்தை கலந்து பேசுவதில்லை. கலந்து முடிந்து, இறுகி, தனக்கென்று விதிகள் வகுத்துக்கொண்ட ஒரு மொழியைத் தாய்மொழியாகக் கற்றுக்கொள்கிறது. அந்தக் குழந்தை மியாவ் மொழி பேச விரும்பினாலும் புதிதாகத்தான் படிக்க வேண்டும். பெய்ஜிங்கின் பொதுச் சீனத்தைப் பேச விரும்பினாலும் புதிதாகத்தான் படிக்க வேண்டும்.

லொங்ஷெங் என்றதும் உல்லாசப் பயணிகளுக்கு நினைவு வருவது மலைச்சரிவில் அடுக்கடுக்காக இறங்கும் நெல்வயல்கள். எனக்கு அந்த மாவட்டத்தின் மக்கள்தான் பெரிது. சுவாங், தொங், யாவ், மியாவ், ஹான் என்று பல இனத்தவர் அங்கே அயல் கிராமங்களில் வாழ்கிறார்கள். மாவட்டத்தின் அதிகாரப்பூர்வப் பெயரே 'லொங்ஷெங் பல்லினத் தன்னாட்சி மாவட்டம்' என்பதுதான். அதை ஒட்டி, ஹூனான் மாகாணத்துச் செங்பு, சுய்நிங் பகுதிகளில் மாவோஜியா என்ற இன்னொரு மொழி இருக்கிறது. அதுவும் இதே வகையில் சேர்த்துச் சொல்லப்படுவது. மேற்கே குய்சோ மாகாணத்தின் லிபிங், ஜின்பிங் பகுதிகளில் பேசப்படும் சான்சியாவோ என்ற மொழியில் கலந்திருப்பவை மியாவ் மொழியும் தொங் இனத்தவரின் மொழியும். மியாவ் குடும்பத்து மொழிகள் அயல்மொழியோடு பின்னிக்கொண்டது ஒரே ஓர் ஊரில் நடந்த விந்தையல்ல என்பதற்காகவே இத்தனை பெயர்களையும் சொல்கிறேன்.

கேள்வி: ஒரு மொழி 'கலப்பு மொழி' என்று எதை வைத்து முடிவு செய்கிறார்கள்? பிறமொழிச் சொற்கள் நிறைய இருந்தால் போதுமா?
— பல்கலைக்கழக மாணவர், கொட்டாஞ்சேனை

பதில்: போதாது, தம்பி. 'குசினிக்குள் கதிரையில் இருந்து பாண் சாப்பிட்டேன்' என்று சொல்லிப் பாருங்கள். குசினி, கதிரை, பாண் மூன்றும் போர்த்துக்கேயர் விட்டுச்சென்றவை. ஆனாலும் அந்த வாக்கியம் அசல் தமிழ். 'உள்', 'இல்' என்ற உருபுகளும், 'சாப்பிட்டேன்' என்பதில் உள்ள காலமும் இடமும், வினை கடைசியில் வந்து நிற்கும் ஒழுங்கும் நம்முடையவை. பெயர்ச்சொற்கள் எளிதில் இடம் பெயரும். இலக்கணம் எளிதில் பெயராது. ஆகவே இலக்கணமும் அடிப்படைச் சொற்களும் வெவ்வேறு தாயிடமிருந்து வந்திருந்தால்தான் அறிஞர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். ஈக்குவடோரின் மலைப்பகுதியில் பேசப்படும் மீடியா லெங்குவா இதற்குத் தெளிவான உதாரணம்: சொற்கள் ஏறக்குறைய முழுவதும் ஸ்பானியம், இலக்கணம் அங்குள்ள பூர்வகுடி மொழியான கெச்சுவா.

தென் சீனாவில் இது இவ்வளவு எளிதாகப் பிரிவதில்லை. சீனமும் மியாவ் மொழிகளும் ஆயிரக்கணக்கான ஆண்டுகளாக அயலவை. இரண்டிலும் சொற்கள் குறுகியவை, இரண்டிலும் தொனி மாறினால் பொருள் மாறும், இரண்டிலும் வினைக்குப் பிறகே செயப்படுபொருள் வரும். உருபுகள் தொங்கும் தமிழைப் போன்ற மொழியாக இருந்தால் தையல் எங்கே என்று கண்ணுக்குத் தெரிந்துவிடும். இங்கே சிறிய அடையாளங்களைத் தேட வேண்டியிருக்கிறது.

அவற்றில் ஒன்று, அடைமொழியின் இடம். சிவப்புப் பூவைச் சீனர் 'ஹொங் ஹுவா' என்பர். நம்மைப் போலவே நிறம் முன்னால். மியாவ் குடும்பத்து மொழி பேசும், லாவோஸ் வரை பரவிய ஹ்மொங் மக்கள் 'பா லியா' என்பர். பூ முன்னால், சிவப்பு பின்னால். சீனத்தின் பிடி இறுகும்போது இந்த வரிசை புரளத் தொடங்கும். இன்னொன்று, இரவல் சொல்லின் வயது. சீனத்திலிருந்து வந்த சொல் பழைய ஒலியோடு இருக்கிறதா, அயல் நகரத்தின் இன்றைய ஒலியோடு இருக்கிறதா என்று பார்த்தால், எந்தக் காலத்தில் எந்த அலையில் வந்தது என்று அடுக்கு அடுக்காகப் பிரிக்க முடியும்.

மியாவ் மொழிகளை ஆராய்வதில் ஆயுளைச் செலவிட்ட வாங் ஃபூஷி 1979ஆம் ஆண்டில் லிங்ஹுவாவைப் பற்றி ஒரு விவரணை வெளியிட்டார். அந்த மொழியைச் சீனத்தின் கிளை என்று கொண்டு, மியாவ் சுவடுகள் ஒட்டியிருப்பதாகச் சொல்வாரும் உண்டு. கலப்பு மொழி என்ற தனி வகையில் வைப்பாரும் உண்டு. நான் முதல் பக்கத்தையே சார்கிறேன். மீடியா லெங்குவா போன்ற சுத்தமான பிளவு இங்கே கிடையாது. ஒரு மியாவ் சமூகம் தலைமுறை தலைமுறையாகச் சீனத்துக்கு மாறியபோது, பழைய மொழி முழுவதும் கழன்று விழாமல் உள்ளே தங்கிவிட்டது என்றே எனக்குப் படுகிறது. அதனால் அந்த மொழியின் மதிப்பு ஓர் அணுவும் குறைவதில்லை.

கேள்வி: நம் நாட்டில் இப்படி ஏதாவது மொழி உண்டா?
— வாசகர், தெஹிவளை

பதில்: கொம்பனித்தெருவுக்குப் போய்க் காதைத் தீட்டிக்கொள்ளுங்கள். ஒல்லாந்தர் காலத்திலிருந்து இங்கு வந்து சேர்ந்த மலாய் மக்களின் மொழி, சொற்களால் மலாய். கட்டமைப்பால் நம் நாட்டு மொழி. மலேசியாவில் 'சாயா தாஹு', அதாவது 'நான் அறிவேன்', என்பார்கள். இங்கே 'செடங் தாவு' என்பார்கள். 'எனக்குத் தெரியும்' என்பதை மலாய்ச் சொற்களில் வார்த்தது போலவே இருக்கிறது. நான்காம் வேற்றுமை உருபும் இருக்கிறது. எங்கள் ஒழுங்கையில் குடியிருந்த மலாய் அம்மா அச்சாறுப் போத்தலை நீட்டியபடியே மகனை அதட்டுவதைக் கேட்டுத்தான் எனக்கு இந்தத் துறையில் ஆசை பிறந்தது. ஒரு சொல்லும் விளங்காது, ஆனால் வினை எங்கே வந்து விழும் என்பது முன்கூட்டியே தெரிந்துவிடும். மட்டக்களப்புப் பறங்கியரின் போர்த்துக்கேயக் கிரியோலிலும் (கலந்து பிறந்த மொழியிலும்) வினை கடைசிக்குப் போய்விட்டது.

கேள்வி: இந்த மொழிகளைப் பேசுவோர் சீன அரசின் கணக்கில் எந்த இனத்தவர்?
— வாசகி, வத்தளை

பதில்: கேட்கப்பட வேண்டிய கேள்வி. சீன அரசு 56 இனங்களை ஏற்றுக்கொண்டிருக்கிறது. அந்தப் பட்டியல் மொழியோடு பொருந்துவதில்லை. பூனு என்ற மொழி மியாவ் குடும்பத்தைச் சேர்ந்தது. பேசுவோர் யாவ் இனத்தவராகப் பதியப்பட்டிருக்கிறார்கள். ஷெ இனத்தவர் சுமார் 7 இலட்சம் பேர். அவர்களில் மிகப் பெரும்பாலோர் ஹக்கா என்ற தென் சீன வழக்கை ஒத்த ஒரு சீன மொழியையே பேசுகிறார்கள். மியாவ் குடும்பத்து ஷெ மொழி குவாங்தோங் மாகாணத்தின் ஹுய்தோங், போலோ பகுதிகளில் ஏறத்தாழ ஆயிரம் பேரிடம் மட்டுமே தங்கியிருக்கிறது.

குய்சோவின் சிங்லொங், பூஆன் பகுதிகளில் லாபா மியாவ் என்போர் வாழ்கிறார்கள். மிங் பேரரசு 1381இல் யுன்னான் மீது படையெடுத்தது. அந்தக் காலத்தில் ஹூனான் பக்கமிருந்து வந்து தங்கிய போர்வீரர்களும் அவர்கள் மணந்த உள்ளூர்ப் பெண்களுமே தங்கள் முன்னோர் என்பது அவர்களின் வழிவழிக் கதை. பதிவேட்டில் மியாவ், பேச்சில் பழைய ஹூனான் சீனம்.

இதில் எனக்கு உள்ள வருத்தத்தை மறைக்க விரும்பவில்லை. சீன அறிஞர் ஒருவருக்கு இது தூய சீனமாகத் தெரிவதில்லை. மியாவ் அறிஞருக்குத் தூய மியாவாகத் தெரிவதில்லை. அகராதி தொகுக்கவும் ஒலிப்பதிவு செய்யவும் ஆள் வரும்போது, இரண்டுக்கும் நடுவில் நிற்கும் மொழி கடைசியாகவே கவனிக்கப்படுகிறது. பள்ளிக்கூடத்தில் பொதுச் சீனம். இளைஞர்கள் குவாங்தோங் தொழிற்சாலைகளுக்குப் போய்விடுகிறார்கள். கிராமத்துப் பாட்டிமார் இருக்கும்போதே பதிவுசெய்வதுதான் முறை.

கேள்வி: மியாவ் மொழிக்கு எழுத்து உண்டா?
— பாடசாலை மாணவி, பம்பலப்பிட்டி

பதில்: உண்டு, மகள். 1956இல் பெரிய வட்டார வழக்குகளுக்கு லத்தீன் எழுத்தில் முறைகள் வகுக்கப்பட்டன. ஒவ்வோர் அசையின் கடைசியிலும் ஓர் எழுத்து நிற்கும். அதை உச்சரிக்கக் கூடாது, குரலை ஏற்றுவதா இறக்குவதா என்பதைச் சொல்வதே அதன் வேலை. லாவோஸ் ஹ்மொங் மக்களின் எழுத்துமுறையிலும் இதே உத்திதான். மேலே சொன்ன 'பா'வை அவர்கள் எழுதும்போது இறுதியில் 'ஜே' வரும், 'லியா'வின் இறுதியில் 'பி' வரும். வாசிக்கும்போது அந்த இரண்டையும் விழுங்கிவிடுங்கள். தொனியை மட்டும் பிடித்துக்கொள்ளுங்கள்.